கூர்தாலின் நாற்காலிகள்

8 ஜனவரி 2018, திங்கள்

பாரிஸிலிருந்து பார்சல் வந்தது. பிரித்தால் நீல அட்டை போட்ட நோட்டுப்புத்தகம், ஒரு பேனா, ஒரு கடிதம். கடிதத்தை என் மனைவி பிலோமின் படித்துச் சொன்னாள். எழுதியவர் சொலான்ழ் என்ற பெண்மணி. சினிமாவுக்கு இசை போட்ட ரெனே கூர்தாலைப் பற்றிப் பதினோரு வருஷமாக ஆராய்ச்சி செய்கிறாராம். அவர் பிறந்து இந்த வருஷத்தோடு நூறு ஆண்டு. அவரோடு வேலை பார்த்தவர்களில் உயிரோடிருப்பது நான் ஒருவன்தானாம். மாதக் கடைசியில் புதுச்சேரிக்கு வருகிறாராம். அதுவரை தினமும் நினைவுக்கு வருவதைத் 'தங்கள் கையால்' இந்த நோட்டில் எழுதிவைக்க வேண்டுமாம்.

என் கைக்கு எழுத்து வராது. எண்பது வயதாகிறது, ஒரு மொழியிலும் வராது. பேச்சு மட்டும் மூன்று மொழியில் வரும்.

ஆகையால் நான் சொல்கிறேன், பிலோமின் எழுதுகிறாள். காலையில் காபி முடிந்து, செடிக்குத் தண்ணீர் ஊற்றிய பிறகு, சாப்பாட்டு மேஜையில். சொல்வதை அப்படியே எழுத வேண்டும், தன் சரக்கைச் சேர்க்கக் கூடாது என்று சொல்லியிருக்கிறேன்.

(சேர்ப்பதாயிருந்தால் அடைப்புக்குறிக்குள் சேர்ப்பேன் என்று நானும் சொல்லியிருக்கிறேன். - பி.)

எனக்கு எழுத்துத் தெரியாதென்பது அந்த அம்மாளுக்குத் தெரியக் கூடாது. இதுதான் இந்த நோட்டுக்கு முதல் விதி. ஊரில் என்னை 'ஸ்டுடியோ சவரிராயன்' என்பார்கள். பாரிஸ் ஸ்டுடியோவில் முப்பது வருஷம் அதிகாரியாக இருந்தவன் என்று எல்லோருக்கும் நினைப்பு. நான் அப்படிச் சொன்னதில்லை. இல்லை என்றும் சொன்னதில்லை.

(இதையெல்லாம் எழுதிவிட்டு அவளிடம் எப்படிக் கொடுப்பது என்று கேட்டேன். "அவளுக்குத் தமிழ் தெரியாதுடி, நீ எழுது" என்கிறார்.)

9 ஜனவரி, செவ்வாய்

ஸ்டுடியோவில் என் வேலை நாற்காலி போடுவது. பிரெஞ்சுப் பட்டாளத்தில் நான்கு வருஷம் இருந்துவிட்டு, ஊர் திரும்ப மனமில்லாமல் அந்த வேலையில் சேர்ந்தேன். பாரிஸுக்கு வெளியே ஆற்றங்கரையில் பெரிய ஒலிப்பதிவுக் கூடம். வாத்தியக்காரர்கள் வருவதற்கு முன்னால் நாற்காலி, அதன் முன்னால் தாள் வைக்கும் ஸ்டாண்டு, ஸ்டாண்டின் மேல் அவரவர் இசைத்தாள், எல்லாம் தயாராக இருக்க வேண்டும். பிறகு கதவைச் சாத்திவிட்டு, கதவோரம் என் முக்காலியில் உட்கார வேண்டும். சிவப்பு விளக்கு எரிந்தால் பதிவு ஓடுகிறதென்று அர்த்தம். அப்போது உள்ளே யாரும் வாய் திறக்கக் கூடாது, தும்மக் கூடாது. தும்மல் வந்த ஒரு பிடில்காரர் தன் சட்டைக் கையைக் கடித்துக் கிழித்ததைப் பார்த்திருக்கிறேன்.

ஆகையால் எனக்குப் படத்தின் பெயரெல்லாம் நினைவில்லை. நாற்காலிக் கணக்குதான் நினைவு. மொஸ்யே கூர்தாலோடு முதல் படம் ஒன்பது நாற்காலி, ஒரு படகுக்காரியின் கதை. அறுபத்தைந்தாம் வருஷம், நவம்பர், வெளியே தூறல். பிடில் நாலு, அதைவிடக் கொஞ்சம் பெரிய வியோலா ஒன்று, காலிடுக்கில் நிறுத்தி வாசிக்கிற அடிக்குரல் செல்லோ ஒன்று, பெரிய பாஸ் ஒன்று, புல்லாங்குழல் ஒன்று, ஹார்ன் ஒன்று. இரண்டாவது பிடில்காரருக்குக் குள்ள நாற்காலி வேண்டும், மூட்டுவலி.

(நேற்று ரேஷன் கார்டை எங்கே வைத்தார் என்பது மட்டும் நினைவில்லை.)

11 ஜனவரி, வியாழன்

பிலோமினுக்குக் கை வலி. இன்று ஒன்றும் இல்லை.

14 ஜனவரி, ஞாயிறு

பூசை முடிந்து வந்து பொங்கல் வைத்தோம். கரும்பு கடிக்க எனக்குப் பல் இல்லை, பிலோமின் துண்டு போட்டுத் தந்தாள், சப்பினேன்.

நாற்பத்துநாலு நாற்காலிப் படத்தைப் பற்றிச் சொல்கிறேன். எழுபத்தொன்றாம் வருஷம். மொஸ்யே கூர்தாலின் உச்சம் அதுதான். நெப்போலியன் காலத்துக் கதை, குதிரைகள், பனி. கூடத்தில் இடம் போதாமல் ஹார்ன்காரர்களை மாடிப்படியில் உட்காரவைத்தேன். கூர்தால் படியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், "சவ்ரி, சத்தம் வானத்திலிருந்து வருகிறது, அப்படியே இருக்கட்டும்" என்றார். என் பெயரை முழுசாகச் சொல்ல அந்த ஊரில் ஒருவருக்கும் நாக்கு வளையாது. அவர் ஒருவர்தான் முயற்சி செய்து பாதிவரை வந்தார்.

குள்ளமான மனுஷர். சட்டைப் பையில் எப்போதும் சாக்கட்டி. எந்தச் சுவரைக் கண்டாலும் ஐந்து கோடு போட்டு ராகம் எழுதிவிடுவார். கூட்டுகிறவள் திட்டிக்கொண்டே துடைப்பாள். என் முக்காலியில்கூட ஒருநாள் மஞ்சள் சாக்கட்டியால் பெரிய புள்ளி ஒன்று வைத்தார். வேறு யாரும் உட்காரக் கூடாதென்று வைத்திருப்பார் போலிருக்கிறது. அழிந்தால் மறுபடி வைப்பார்.

அந்தக் குதிரைப் படம் ஓடவில்லை. மூன்றாவது வாரமே தூக்கிவிட்டார்கள். கூர்தாலின் பெயர் திரையில் வரும்போது சனம் இன்னும் கோட்டைக் கழற்றி மடித்துக்கொண்டிருக்கும். கழற்றி முடிப்பதற்குள் பெயர் போய்விடும். அவர் வாழ்நாள் முழுக்க அப்படித்தான்.

17 ஜனவரி, புதன்

படகுக்காரி படத்தில் ஒரு பாட்டு உண்டு. வார்த்தை கிடையாது, வெறும் ராகம். அந்தக் குளிர்காலம் முழுக்க மெட்ரோ ரயிலில் சனம் அதை முணுமுணுத்தது. யார் போட்டது என்று ஒருவருக்கும் தெரியாது. (பாடிக் காட்டினார். எனக்கும் தெரிந்த பாட்டுதான். மாவு பிசையும்போது பாடுவாரே, அது.)

அந்த ராகம் புல்லாங்குழலுக்கு எழுதியது. ஆனால் படத்தில் கேட்டால் செல்லோ பாடும். காரணம், அன்றைக்கு யாரோ தாள்களை மாற்றி வைத்துவிட்டார்கள்.

(யாரோ என்று எழுதச் சொன்னார். எழுதிவிட்டேன். அந்த ஸ்டுடியோவில் தாள் வைக்கிறவர் மொத்தம் ஒரே ஆள்.)

சரி, எழுது. தாள்களை வரிசைப்படி அடுக்கிக் கட்டாகத் தருவார்கள். மேலிருந்து ஒவ்வொன்றாக வைத்துக்கொண்டே போவேன். அன்று மழையில் படி வழுக்கி, கட்டு கையிலிருந்து விழுந்து சிதறிவிட்டது. பிடில் தாளில் எறும்பு மொய்த்த மாதிரி இருக்கும். பாஸ் தாளில் அங்கொன்றும் இங்கொன்றுமாக ஊரும். அதை வைத்து ஏழு தாளைச் சரியாக வைத்துவிட்டேன். மீதி இரண்டும் ஒரே மாதிரி இருந்தன. ஒன்றைக் குழலுக்கும் ஒன்றைச் செல்லோவுக்கும் வைத்தேன்.

சிவப்பு விளக்கு எரிந்தது. குழல்காரர் தாளைப் பார்த்தார், கண்ணை உருட்டினார். வாய் திறக்க முடியாதே. செல்லோக்காரர் வயசாளி, முப்பது வருஷ அனுபவம். எதிரே என்ன இருக்கிறதோ அதை வாசிக்கிறவர். குழலுக்கு எழுதியதைத் தாழ்ந்த குரலில் வாசித்தார். பொம்பளை அழுகிறாளென்று எழுதியது, கிழவன் ஒருவன் அழாமல் நின்றுகொண்டிருக்கிற மாதிரி ஆகிவிட்டது. கூர்தால் வாத்தியக்காரர்களுக்கு முன்னால் நின்று கையை ஆட்டிக்கொண்டே இருந்தார். கை நிற்கவில்லை. முடிந்ததும் திரும்பி நேராகக் கதவுப் பக்கம் பார்த்தார். நான் பயத்தில் தலையை ஆட்டினேன். என்னத்துக்கு ஆட்டினேன் என்று எனக்கே தெரியாது.

"அப்படியே இன்னொரு தரம்" என்றார்.

இந்தப் பக்கத்தைக் கிழித்துவிடு என்று பிலோமினிடம் சொன்னேன்.

(கிழிக்கவில்லை.)

20 ஜனவரி, சனி

காலையில் கடற்கரைக்குப் போனேன். வழக்கம்போலப் பிரெஞ்சுப் பத்திரிகை ஒன்றைக் கையில் வைத்திருந்தேன். முடியப்பன் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். என்னைப் போலவே பட்டாளத்தில் இருந்தவர், அல்ஜீரியாவில் ஒரு காது போனது. அவர் வாய் ஓயாது. என் பத்திரிகையை எட்டிப் பார்த்து, தலைப்பு முழுவதையும் சத்தமாகப் படித்துவிடுவார்.

"இன்னாய்யா சவரி, ட்ரெயின்காரன் மறுபடியும் ஸ்ட்ரைக்காம். பாத்தியா?"

"பார்த்தேன், பார்த்தேன்."

"கீழ போட்டிருக்கான் பாரு, ஒயின் வெலை ஏறுதாம்."

"அதையும் பார்த்தேன்."

இருபது வருஷமாக இப்படித்தான். அடுத்தவன் பத்திரிகையைச் சத்தம் போட்டுப் படிக்கிற பழக்கம் நல்ல பழக்கமில்லைதான். ஆனால் எனக்கு வசதி.

23 ஜனவரி, செவ்வாய்

நாற்பத்துநாலுக்குப் பிறகு இறக்கம். பதினெட்டு நாற்காலி, ஒரு துப்பறியும் படம். பிறகு மூன்று நாற்காலி, முயலுக்கு மருந்து கொடுக்கிற விளம்பரம்! அதற்கும் அதே சிரத்தை. முயல் பயப்படக் கூடாதென்று ஹார்னை எடுத்துவிட்டார். மின்சாரப் பெட்டியில் வாசிக்கிற காலம் வந்துவிட்டது, நாற்காலியே வேண்டாமென்று ஆகிவிட்டது. கடைசிப் படம் எண்பத்தாறில், ஒரே ஒரு நாற்காலி. செல்லோ. அதே வயசாளியின் மகன் வாசித்தார். கூர்தாலுக்கு வருத்தமே கிடையாது. "சவ்ரி, உன் வேலையைக் குறைத்துக்கொண்டே வந்திருக்கிறேன் பார்" என்பார்.

ஒரு வினோதப் பழக்கம் உண்டு அவருக்கு. ஒவ்வொரு வாசிப்பும் முடிந்ததும் கதவுப் பக்கம் பார்ப்பார். கதவு சரியாகச் சாத்தியிருக்கிறதா என்ற சந்தேகம். சாத்தியிருக்கிறது என்று நான் தலையை ஆட்டுவேன். உடனே முகம் மலர்ந்து, "எடுத்தாயிற்று, எல்லோரும் காபி குடிக்கலாம்" என்பார். துப்பறியும் படத்தின்போது ஒரு தரம் கதவு விரற்கடை திறந்திருந்தது, காற்று. அவர் பார்த்தபோது நான் தலையாட்டவில்லை. என்ன செய்தார் தெரியுமா? முழு ராகத்தையும் மாற்றி, வேகத்தைக் குறைத்து, மறுபடி எடுத்தார். கதவு விஷயத்தில் அவ்வளவு கண்டிப்பு.

(சரி.)

28 ஜனவரி, ஞாயிறு

நாளை வருகிறார். கேட்டுக்கு எண்ணெய் போட்டேன். பிலோமின் வஞ்சிரத்துக்குச் சொல்லிவைத்திருக்கிறாள்.

29 ஜனவரி, திங்கள்

வந்துவிட்டார். நாற்பது, நாற்பத்தைந்து வயதிருக்கும். சிரித்த முகம், பெரிய பை, வெயிலில் மூக்கு சிவந்திருந்தது. பிலோமினின் மீன் குழம்பை விக்கிக்கொண்டே மூன்று தரம் வாங்கிச் சாப்பிட்டார். வரும் சனிக்கிழமை சாயங்காலம் இங்கே ஒரு பள்ளிக்கூட அரங்கில் கூர்தால் நூற்றாண்டுக் கச்சேரியாம். சென்னையிலிருந்து சினிமாவுக்கு வாசிக்கிற ஒன்பது பேர் வருகிறார்கள். படகுக்காரி படத்து இசை முழுவதும். நான் குழந்தை மாதிரி கை தட்டினேன்.

பிறகு பையிலிருந்து ஒரு தடித்த புத்தகத்தை எடுத்தார். "என் ஆராய்ச்சி. முந்நூற்றுப் பன்னிரண்டு பக்கம். போன மாதம்தான் அச்சாகி வந்தது. முதல் பிரதி உங்களுக்கு" என்று என் கையில் வைத்தார். அட்டையில் ஓர் இசைத்தாளின் படம். தாளின் மூலையில் ஒரு சிவப்புப் புள்ளி.

அதன் மேல் என் கட்டைவிரலை வைத்து மறைத்தேன்.

"அறுபத்தைந்தாம் வருஷத்திலிருந்து கூர்தாலின் ஒவ்வொரு தாளிலும் ஒரு வண்ணப் புள்ளி இருக்கிறது" என்றார் சொலான்ழ். "நீலம், பச்சை, சிவப்பு, பழுப்பு. யாருக்கும் காரணம் தெரியவில்லை. நான் கண்டுபிடித்தேன். அவர் காதுக்கு ஒவ்வொரு சத்தமும் ஒரு நிறமாகத் தெரிந்திருக்கிறது! மொஸ்யே சவ்ரி, முதல் பக்கத்தை வாய்விட்டுப் படியுங்கள். உங்கள் குரலில் கேட்க வேண்டும், பதிவு செய்துகொள்கிறேன்."

சின்ன இயந்திரம் ஒன்றை மேஜையில் வைத்தார். அதிலும் ஒரு சிவப்பு விளக்கு எரிந்தது. விளக்கு எரியும்போது வாய் திறந்து எனக்குப் பழக்கமில்லை.

பிலோமின் அடுப்படியிலிருந்து பிரெஞ்சில் கத்தினாள்: "அவர் கண்ணுக்கு மருந்து போட்டிருக்கிறது! ஒரு வாரத்துக்குப் படிக்கக் கூடாதென்று டாக்டர் சொல்லியிருக்கிறார்!"

(ஐம்பத்திரண்டு வருஷத்தில் இது எத்தனையாவது கண் மருந்து என்று எண்ணவில்லை.)

30 ஜனவரி, செவ்வாய்

அந்தப் புள்ளிகள் என்னவென்று உலகத்தில் எனக்கு ஒருவனுக்குத்தான் தெரியும். பிலோமினிடம்கூடச் சொன்னதில்லை. இப்போது சொல்கிறேன்.

தாள் மாறிய மறுநாள் கூர்தால் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். ஒரு தாளை நீட்டி, "சவ்ரி, இது எந்த நாற்காலிக்கு?" என்றார். "கண்ணாடியை வீட்டில் மறந்துவிட்டேன் மொஸ்யே" என்றேன். எனக்கு அப்போது இருபத்தேழு வயது, கண்ணாடியே கிடையாது. கொஞ்ச நேரம் என்னைப் பார்த்தார். "ஓ, கண்ணாடி. எனக்கும் மறக்கும்" என்று போய்விட்டார். மத்தியானம் வந்து பார்த்தால் ஒவ்வொரு தாளின் மூலையிலும் வண்ணப் புள்ளி. ஒவ்வொரு நாற்காலியின் முதுகிலும் அதே வண்ணத்தில் ஒரு புள்ளி. நீலம் பிடில். பச்சை குழல். சிவப்பு செல்லோ. அன்றிலிருந்து இருபத்தொரு வருஷம் ஒரு தாள்கூட நான் மாற்றி வைத்ததில்லை. அவரும் ஒரு வார்த்தை பேசியதில்லை, நானும் பேசியதில்லை.

அவ்வளவுதான் சங்கதி. எழுத்தில்லாத ஒருவனுக்காக வைத்த பொட்டு. இந்த அம்மாள் அதற்கு முந்நூறு பக்கம் எழுதிவிட்டார்!

(சிரித்துச் சிரித்து என் கை எழுத மறுக்கிறது. அவர் சிரிக்கவில்லை.)

1 பிப்ரவரி, வியாழன்

கச்சேரிக்கு முன்னால் சொலான்ழ் மேடையில் வண்ணங்களைப் பற்றி முக்கால் மணி நேரம் பேசப் போகிறார். எனக்கு இட்லி இறங்கவில்லை. சொன்னால் பதினோரு வருஷ உழைப்பு போகும், என் மானமும் போகும். சொல்லாவிட்டால் நூறாவது வருஷத்தில் அந்த மனுஷரைப் பற்றி மேடை போட்டுப் பொய் சொல்வோம்.

"சொல்லிடுங்க" என்றாள் பிலோமின்.

"பதினோரு வருஷம்டி."

"உங்களுக்கு எம்பது வருஷம். எது பெருசு?"

"முடியப்பன் வருவான். பங்குச் சாமியார் வருவார். தெருவே வரும்."

"வரட்டும். ஸ்டுடியோ ஆபீசர்னு நீங்க சொன்னீங்களா, அவுங்களா வச்சிக்கினாங்களா?"

எழுந்து போய் கேட்டுக்கு மறுபடி எண்ணெய் போட்டேன்.

(கேட் இப்போது தானாகவே திறந்துகொள்கிறது.)

2 பிப்ரவரி, வெள்ளி

இன்றைக்கு நீளமாகச் சொல்லப் போகிறேன். பிலோமின், கைக்குத் தைலம் போட்டுக்கொள்.

காலையில் அரங்கில் ஒத்திகை. பிலோமினும் முடியப்பனும் கூட வந்தார்கள், வேடிக்கை பார்க்க. சென்னையிலிருந்து வந்தவர்களின் தலைவர் பாஸ்கரதாஸ், பிடில். முடியெல்லாம் நரைத்தவர், ஜோக் அடிக்கிறவர். "சார், நாங்களும் உங்க ஜாதிதான். ரெட் லைட் ஜாதி" என்றார். எனக்கு மனுஷரைப் பிடித்துப்போயிற்று.

சொலான்ழ் தாளின் தலைப்பைப் படித்துப் படித்து அவரவர் ஸ்டாண்டில் வைத்தார். எல்லாம் கூர்தாலின் தாள்கள், நிறமாற்றமில்லாமல் நகலெடுத்தவை. நான் கதவோரம் உட்கார்ந்தேன். கை, தொடைமேல் தாளம் போட்டது. ஆரம்பித்தார்கள். நாலு பிடிலும் எழும்பியது, எனக்குக் கண்ணெதிரே அந்தத் தூறல் வந்துவிட்டது. இதோ செல்லோ வரப்போகிறது என்று மூச்சைப் பிடித்தேன்.

புல்லாங்குழல் வந்தது.

இனிமையாகத்தான் இருந்தது. கல்யாண வீட்டில் பன்னீர் தெளிக்கிற மாதிரி இருந்தது. ஆனால் அது இல்லை. அந்தக் கிழவன் அதில் இல்லை.

வாசிப்பு முடிந்தது. "படத்தில் செல்லோதான் வரும்" என்றார் சொலான்ழ், எல்லோருக்கும் கேட்கும்படி. "ஆனால் தாளின் தலைப்பில் 'குழல்' என்று கூர்தாலின் கையெழுத்திலேயே இருக்கிறது. ஸ்டுடியோவில் எவனோ ஒரு மூடன் மாற்றியிருக்கிறான். ஐம்பத்திரண்டு வருஷத்துக்குப் பிறகு நாம் கூர்தாலுக்கு நியாயம் செய்கிறோம்."

முடியப்பன் என் காதருகில், "யாருய்யா அந்த மூடன்?" என்று கேட்டார்.

நான் எழுந்துவிட்டேன். எழுந்த பிறகுதான் எழுந்தேன் என்று தெரிந்தது. நேராகக் குழல்காரர் ஸ்டாண்டுக்குப் போய்த் தாளை எடுத்தேன். மூலையில் சிவப்பு. செல்லோ ஸ்டாண்டில் கொண்டுபோய் வைத்தேன். அங்கிருந்ததை எடுத்தேன், பச்சை, குழலுக்கு. எதற்கும் இருக்கட்டும் என்று மற்ற ஏழு தாளையும் மூலையைப் பார்த்து ஒரு சுற்று சரிபார்த்தேன். ஒரு நிமிஷம்கூட ஆகியிருக்காது. கால் வலி எங்கே போயிற்றோ!

"மொஸ்யே சவ்ரி, என்ன செய்கிறீர்கள்? அதில் குழல் என்று எழுதியிருக்கிறது."

"எழுதியிருப்பது எனக்குத் தெரியாது மேடம். புள்ளி சிவப்பு. சிவப்பு செல்லோ நாற்காலி."

"குழல் எப்போதும் பச்சை, இதில் மட்டும் சிவப்பு. அது குழலின் காயம்! அதற்கு ஒரு அத்தியாயமே..." என்று ஆரம்பித்தவர் நிறுத்திவிட்டார். என் கையைப் பார்த்தார். தாளைப் பார்த்தார். ரொம்பக் கெட்டிக்காரப் பெண். "யாருக்காக வைத்த புள்ளி?" என்றார், மெல்ல.

சிவப்பு விளக்கு ஒன்றும் எரியவில்லை. ஆனாலும் அரங்கில் ஒருவரும் தும்மவில்லை.

"எனக்காக" என்றேன். "எனக்குப் படிக்கத் தெரியாது. அந்த மூடன் நான்தான். மறுநாளே கூர்தாலுக்குத் தெரிந்துவிட்டது. ஒருத்தரிடமும் சொல்லவில்லை. தலைப்பை மாற்றாமல் செல்லோவின் புள்ளியை மட்டும் வைத்து, என் தப்பையே சரியாக்கிவிட்டார். நிறம் காதில் கேட்டதெல்லாம் இல்லை மேடம். நான் நாற்காலி போடுகிறவன். எனக்காக வைத்த பொட்டு."

பிரெஞ்சில் சொன்னதைத் தமிழிலும் ஒரு தரம் சொன்னேன். பாதியில் நிறுத்தினால் அப்புறம் வராது.

முதலில் பேசியவர் முடியப்பன். "யோவ், ஒரு நாள் பேப்பரைத் தலகீழா புடிச்சிக்கினு அரைமணி நேரம் ஒக்காந்திருந்தே. அன்னிக்கே தெரியும்யா எனக்கு. இருவது வருசமா தொண்ட கிழியப் படிக்கிறனே, காதுதான்யா ஒத்தை, கண்ணும் ஒத்தைன்னா நெனச்சே?"

பிலோமின் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

சொலான்ழ் வெளியே போய்விட்டார். ஜன்னல் வழியாகப் பார்த்தேன், வேப்பமரத்தடியில் தனியாக நின்றுகொண்டிருந்தார். தோள் குலுங்கியது. ஒரு நல்ல பெண்ணை அழவைத்துவிட்டேனே என்று வெளியே ஓடினேன். போய்ப் பார்த்தால் அழவில்லை. சிரிக்கிறார். மரத்தைப் பிடித்துக்கொண்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு. "குழலின் காயம்! நாற்பது பக்கம், மொஸ்யே சவ்ரி! நாற்பது பக்கம் காயம்!" என்கிறார். சிரித்து முடித்ததும் கொஞ்சம் அழுதார், அதையும் சொல்ல வேண்டும். பிறகு மூக்கைத் துடைத்துக்கொண்டு, "இன்னொரு தரம் வாசிக்கச் சொல்லுங்கள்" என்றார்.

வாசித்தார்கள். செல்லோ வந்தது. பாஸ்கரதாஸ் வில்லைக் கீழே வைத்துவிட்டு, "அடடா, இது வேற வீட்டுப் பாட்டு சார்" என்றார்.

3 பிப்ரவரி, சனி (எழுதுவது ஞாயிறு காலை)

கச்சேரிக்கு இரண்டு மணி நேரம் முன்னால் சொலான்ழ் வீட்டுக்கு வந்தார். கையில் பெரிய தாள் கட்டு. அதில் எல்லா வாத்தியமும் ஒன்றாக அடங்கியிருக்கும். கூர்தால் அதைப் பார்த்துத்தான் கையை ஆட்டுவார். அது எப்போதும் அவர் கையிலேயே இருக்கும், நான் ஒருநாளும் தொட்டதில்லை.

"எல்லாப் புள்ளிக்கும் நாற்காலி சொல்லிவிட்டீர்கள். இது ஒன்று மட்டும் பாக்கி" என்று கடைசிப் பக்கத்தைத் திருப்பினார். ராகமெல்லாம் முடிந்து, கடைசிக் கோடும் போட்ட பிறகு, வெற்றிடத்தில் ஒரு மஞ்சள் புள்ளி. "நேற்று வரைக்கும் இதை மௌனத்தின் நிறம் என்று நினைத்திருந்தேன். படகுக்காரியிலிருந்து கடைசிப் படம் வரை எல்லாவற்றிலும் இருக்கிறது. முயல் விளம்பரத்தில்கூட. மஞ்சள் எந்த வாத்தியம்?"

"மஞ்சள் எந்த வாத்தியமும் இல்லையே" என்றேன்.

பிலோமின் இந்த நோட்டை எடுத்தாள். பொங்கலன்று எழுதிய பக்கத்தைத் திருப்பி, தமிழைப் பிரெஞ்சாக்கிப் படித்தாள். முக்காலி, மஞ்சள் சாக்கட்டி, அழிந்தால் மறுபடி வைப்பார். பிறகு இருபத்து மூன்றாம் தேதிப் பக்கம். ஒவ்வொரு வாசிப்பும் முடிந்ததும் கதவுப் பக்கம் பார்ப்பார். நான் தலையை ஆட்டுவேன்.

"கதவு" என்றேன். "கதவு சாத்தியிருக்கிறதா என்று..."

பிலோமின் விரலை அந்த வரியில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தாள்.

"துப்பறியும் படத்தில்... அன்றைக்குக் கதவு திறந்திருந்தது. அதனால்தான் நான்..."

"கதவுக்காகவா அவர் முழு ராகத்தையும் மாற்றினார், நீங்கள் தலையாட்டாததற்காக இல்லையா?" என்றார் சொலான்ழ். "அவருக்குக் கிடைத்த ஒரே பரிசு அந்தப் படத்துக்குத்தான், மொஸ்யே."

கடவுளே, காற்று அடித்ததற்கு நான் என்ன செய்வேன்!

மற்றதைச் சுருக்கமாகச் சொல்கிறேன். அரங்கு நிறைந்திருந்தது. பங்குச் சாமியார் முதல் வரிசை. தாள் வைத்தது நான். சொலான்ழ் மேடையேறி, "முக்கால் மணி நேரம் பேச வந்தேன். முந்நூற்றுப் பன்னிரண்டு பக்கம் தப்பாக எழுதியிருக்கிறேன். இரண்டாம் பதிப்பில் நாற்காலி போட்ட மனிதரிடமிருந்து ஆரம்பிப்பேன். இப்போது இசையைக் கேளுங்கள்" என்று சொல்லி இறங்கிவிட்டார். முடியப்பன் எல்லோருக்கும் முன்னால் கை தட்டினார், பாதிப் பேர் அவரைப் பார்த்துத் தட்டினார்கள்.

கதவைச் சாத்திவிட்டுத் திரும்பினேன். பக்கத்தில் ஒரு முக்காலி போட்டிருந்தது. அதன் மேல் மஞ்சள் சாக்கட்டியில் பெரிய புள்ளி. யார் வைத்தது என்று நான் கேட்கவில்லை. உட்கார்ந்தேன்.

பிடில் எழும்பியது. செல்லோ வந்தது. கடைசிச் சுரம் அடங்கியது. பாஸ்கரதாஸ் வில்லைத் தந்தியிலிருந்து எடுக்காமல், சனத்தைப் பார்க்காமல், திரும்பிக் கதவுப் பக்கம் பார்த்தார். ஒன்பது பேரும் பார்த்தார்கள்.

கதவு விரற்கடை திறந்திருந்தது. கடல் காற்று.

நான் தலையை ஆட்டினேன்.

(அந்தச் சமயத்தில் கண்ணில் மருந்து விட்டிருந்தது என்று எழுதச் சொன்னார். எழுதிவிட்டேன்.)